எதிரி நாட்டுக்குப் போன ஸ்வெட்டர்

நெய்வேலியில் ஸ்வெட்டர் வைத்திருந்த வீடுகளை விரல் விட்டு எண்ணிவிடலாம். மார்கழியில்கூட ஃபேன் ஓடாமல் தூக்கம் வராத ஊரில் அதை வைத்துக்கொண்டு என்ன செய்வது? எங்கள் பிளாக்கில் எனக்குத் தெரிந்து எங்கள் வீட்டில் மட்டும் ஒன்று இருந்தது. அப்பா பட்டாளத்திலிருந்து கொண்டுவந்தது. கரும்பச்சை நிறம், நல்ல கனம், இடது முழங்கையில் அம்மா நீல நூலில் போட்ட தையல். டிரங்குப் பெட்டியின் அடியில் பாச்சை உருண்டைகளோடு பல வருஷம் அது பாட்டுக்குக் கிடந்தது. அதை எடுத்துப் பள்ளிக்கூடப் பையில் திணித்து, பஸ் ஸ்டாப்பில் வைத்து என் காதலரிடம் கொடுத்தேன். இன்று சொல்லும்போது சிரிப்பு வருகிறது. அன்று பையின் ஜிப்பை நான்கு தரம் சரிபார்த்தேன்.

அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது. பக்கத்து பிளாக்கில் ஒரு நர்சரிப் பள்ளியில் டீச்சர். மதியம் இரண்டு மணிக்கு மேல் வேலை முடிந்து டவுன்ஷிப் பஸ்ஸுக்கு நிற்பேன். அவர் மைன்ஸில் கன்வேயர் ஆபரேட்டர். முதல் ஷிஃப்ட் முடிந்து வரும் கம்பெனி பஸ் அவரை அதே ஸ்டாப்பில் இறக்கிவிடும். என் பஸ் வருவதற்குள் பத்துப் பன்னிரண்டு நிமிஷம் கிடைக்கும். இரண்டாம் ஷிஃப்ட் வாரம் அதுவும் கிடையாது. மூன்றாம் ஷிஃப்ட் வாரம் பகலெல்லாம் தூங்குவார். ஆக, மூன்று வாரத்துக்கு ஒரு வாரம்தான் நாங்கள் காதலித்தோம். ஒன்றரை வருஷத்தில் மொத்தமாகப் பார்த்தால் ஒரு முழுநாள்கூடத் தேறாது. ஆனாலும் அந்த வாரம் வந்துவிட்டால் எனக்குக் கால் தரையில் பாவாது. பிள்ளைகளுக்கு ஏழாம் வாய்ப்பாட்டைத் தப்பாகச் சொல்லிக் கொடுத்துவிட்டு நானே கெக்கெக்கே என்று சிரித்திருக்கிறேன்.

காதல் என்று வீட்டில் சொன்னால் அப்பா என்ன செய்வார் என்று எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளும் ஆசையும் இல்லை. அதனால் காதலைக் கல்யாண ஏற்பாடாக மாற்றுவது என்று முடிவு செய்தோம். என் தாய்மாமனும் மைன்ஸில்தான் வேலை பார்த்தார். இவர் கேன்டீனில் அவர் பக்கத்தில் போய் உட்கார ஆரம்பித்தார். அவர் சொன்ன பழைய ஜோக்குகளுக்கெல்லாம் சிரித்தார். அவருடைய டிபன் கேரியரைக் கழுவிக் கொடுத்தார். மூன்று மாதத்தில் மாமா எங்கள் வீட்டுக்கு வந்து, தங்கமான பையன் ஒருத்தனைத் தான் கண்டுபிடித்திருப்பதாக அம்மாவிடம் மார்தட்டிக்கொண்டார். நான் சமையலறைக்குள் போய் வாயில் தாவணியைத் திணித்துக்கொண்டு சிரித்தேன். ஜாதகம் பொருந்தியது. பையன் பர்மனென்ட். மிச்சம் இருந்தது அப்பாவின் சம்மதம் ஒன்றுதான். அவர் வேண்டாம் என்றால் வேண்டாம்தான், எங்கள் வீட்டில் அப்பீலுக்கு இடம் கிடையாது.

அப்பா பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்து கம்பெனியில் செக்யூரிட்டியாகச் சேர்ந்தவர். ஸ்டோர்ஸ் கேட்டில் டூட்டி. வீட்டிலும் அதே டூட்டிதான். யார் வந்தார், எப்போது போனார், கையில் என்ன இருந்தது என்று எல்லாவற்றையும் கண்ணாலேயே எழுதி வைத்துக்கொள்வார். அதிகம் பேச மாட்டார். பட்டாளக் கதை சொல்லவே மாட்டார். கார்கில் சண்டை நடந்த அந்தக் கோடையில், ஒருநாள் சாப்பிடும்போது, டிவி செய்தியைப் பார்த்தபடியே ஒரே ஒரு கதையைச் சொன்னார். அதுதான் முதலும் கடைசியும் என்று நினைத்தேன்.

வடக்கே எல்லையில் அப்பாவோடு ஒரே கூடாரத்தில் இருந்த சிப்பாய் ஒருவர், எல்லை தாண்டி எதிரி நாட்டுக்கு ஓடிப்போய்விட்டார். அவரும் தமிழர்தான். முட்டைகூடத் தொடாத சைவம். யாரோ தொலைத்த ஒரு பைனாகுலருக்கு அவர் மேல் பழி விழுந்தது. பையில் கல்லை நிரப்பித் தலைக்கு மேல் தூக்கவைத்து, பனியில் தினமும் நிற்க வைத்தார்கள். தங்கை கல்யாணத்துக்குக் கிடைத்திருந்த லீவையும் ரத்து செய்தார்கள். ஒருநாள் விடிந்து பார்த்தால் ஆளில்லை. பாலிஷ் போட்ட பூட்ஸ் இரண்டும் கட்டிலுக்கு அடியில் ஒழுங்காக இருந்தது. கேன்வாஸ் ஷூவோடு ஓடையைத் தாண்டிப் போயிருந்தார். உடம்பில் இருந்தது அப்பாவின் ஸ்வெட்டர்.

முந்தின சாயங்காலம் அவருக்குக் காய்ச்சல் என்றும், குளிர்கிறது என்று சொன்னதால் கழற்றிக் கொடுத்ததாகவும் அப்பா சொன்னார். பதினோரு நாள் விசாரணை. உன் ஸ்வெட்டர் எதற்காக எதிரி நாட்டுக்குப் போனது என்று வெவ்வேறு அதிகாரிகள் மாற்றி மாற்றிக் கேட்டார்களாம். அப்பா அதே பதிலையே எழுதிக் கொடுத்தார். கடைசியில் விட்டுவிட்டு, வேறு ஸ்வெட்டர் கொடுத்தார்கள். எங்கள் டிரங்குப் பெட்டியில் இருந்தது அந்த இரண்டாவது ஸ்வெட்டர்.

சில மாதம் கழித்து எதிரி நாட்டு ரேடியோவில் அந்தச் சிப்பாயின் குரல் வந்தது. தமிழில் பேசினாராம். இங்கே என்னை நன்றாக வைத்திருக்கிறார்கள், தினமும் ஆட்டுக்கறிக் குழம்பு போடுகிறார்கள், தோழர்களே, நீங்களும் வந்துவிடுங்கள் என்றாராம். முட்டை நாற்றத்துக்கே எழுந்து ஓடுகிறவன் ஆட்டுக்கறி தின்கிறானாம் என்று கூடாரத்தில் இருந்த தமிழ்ப் பையன்களெல்லாம் உருண்டு சிரித்தார்கள். அதற்குப் பிறகு அவரைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. "துரோகிப் பய" என்று சொல்லி அப்பா கையைக் கழுவ எழுந்துபோனார்.

இப்படிப்பட்ட கதை கிடைத்தால் சும்மா இருக்க முடியுமா? அடுத்த முதல் ஷிஃப்ட் வாரத்தில் நான்கு நாள் தவணையில் அவரிடம் ஒப்பித்துவிட்டேன். ஆட்டுக்கறி வந்த இடத்தில் அவர் சிரித்த சிரிப்பில் பஸ் ஸ்டாப்பே திரும்பிப் பார்த்தது. பிறகு யோசனையாக, அப்பா ராத்திரி படுக்கும்போது ஸ்வெட்டரைத் திருப்பிக் கேட்கவில்லையா என்று கேட்டார். எனக்கென்ன தெரியும்? பஸ் வந்துவிட்டது, ஏறிவிட்டேன்.

அந்த வருஷம் கம்பெனியில் ஒவ்வொரு பிரிவும் ஒரு நாடகம் போடுவது என்று போட்டி அறிவித்தார்கள். தேசபக்தி நாடகம், முப்பது நிமிஷம், அதற்கு மேல் போனால் மணி அடித்து இறக்கிவிடுவார்கள். எல்லாப் பிரிவும் மலையைப் பிடிக்கிற கதையையே எடுத்தது. இவர் மட்டும் எல்லை தாண்டிப்போன சிப்பாயின் கதையை எழுதினார். போன பிறகு அந்தப் பக்கத்தில் அவர் என்ன ஆனார் என்பதைத் தானே கற்பனை செய்துகொண்டார். பெரியவர்கள் சிலர் ஓடிப்போனவன் கதை தேசபக்தியா என்று கேட்டார்களாம். மற்ற ஆறு நாடகத்திலும் ஒரே மலையைப் பார்த்து நடுவர்கள் தூங்கியிருப்பார்கள், எழுப்ப ஆள் வேண்டாமா என்று சமாதானம் சொல்லியிருக்கிறார்.

நடிக்கத்தான் ஆள் சிக்கவில்லை. கேப்டன் வேஷத்துக்கு ஆறு பேர் வரிசையில் நின்றார்கள். ஓடிப்போகிறவன் வேஷத்துக்கு ஒருவரும் இல்லை. பள்ளிக்கூடத்தில் தன் பிள்ளையை ஓடுகாலி மகன் என்று கூப்பிடுவார்கள் என்றார் ஒருவர். இரண்டாவது நிமிஷத்திலேயே சுட்டுக் கொன்றுவிடுவதாக இருந்தால் நடிக்கத் தயார் என்றார் இன்னொருவர். வேறு வழியில்லாமல் அந்த வேஷத்தை இவரே எடுத்துக்கொண்டார். பிறகுதான் ஸ்வெட்டர் கேட்டார். நெய்வேலி முழுக்கத் தேடியும் கிடைக்கவில்லை, பண்ருட்டி ஜவுளிக்கடைக்காரர் ஜூலை மாதம் வந்து ஸ்வெட்டர் கேட்கிறவனை ஏற இறங்கப் பார்த்தார் என்று சொன்னார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. எங்கள் வீட்டில் இருக்கிறது என்று வாய் விட்டுவிட்டேன். அப்பா நாடகமே பார்க்க மாட்டார் என்ற தைரியம். நிஜத்தில் பார்த்தாகிவிட்டது, வேஷத்தில் வேறு பார்க்க வேண்டுமா என்பார்.

போட்டிக்கு நான்கு நாள் இருக்கும்போது மாமா வந்தார். பெண் பார்க்க எப்போது வரச் சொல்லலாம் என்று கேட்டார். அதற்கு முன்னால் பையனைத் தான் ஒருதரம் பார்க்க வேண்டும் என்றார் அப்பா. மாமாவுக்கு உற்சாகம். பையன் சனிக்கிழமை நாடகத்தில் நடிக்கிறான், ஓடிப்போகிற சிப்பாயாக வருகிறவன்தான் நம்ம பையன், போய்ப் பார்த்துவிடுங்கள், எனக்கு அன்றைக்கு இரண்டாம் ஷிஃப்ட் என்றார்.

அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ஓடிப்போறவனாவா? சரி. ஆளு நம்மளப் பாக்காதப்ப நாம ஆளப் பாத்துடணும். வூட்டோட போலாம்."

என் அப்பா சொன்ன கதை, என் அப்பாவின் ஸ்வெட்டர், இரண்டும் மேடையில். என் அப்பா முன் வரிசையில். என் ஆளுக்கோ அந்த வாரம் மூன்றாம் ஷிஃப்ட், சொல்லி எச்சரிக்க வழியே இல்லை. அந்த நான்கு நாளும் எனக்குச் சோறு இறங்கவில்லை. ஆனால் ஏனோ தெரியவில்லை, நடுநடுவே சிரிப்பு மட்டும் வந்துகொண்டே இருந்தது. அம்மா என்னடி என்று இரண்டு தரம் கேட்டாள். பல்வலி என்றேன்.

சனிக்கிழமை சாயங்காலம் ஐந்தரைக்கே ஹாலில் போய் உட்கார்ந்துவிட்டோம். அப்பா தேய்த்த சட்டை போட்டிருந்தார். அவருக்கு அடுத்து அம்மா, அம்மாவுக்கு அடுத்து நான். சாக்கும் தார்ப்பாயும் போர்த்திய மலை ஒன்று மேடையில் இருந்தது. எல்லா நாடகத்துக்கும் அந்த ஒரே மலைதான். எதிரி ராணுவத்துக்குச் சீருடை கிடைக்காமல் தொழிலாளிகள் வேலைக்குப் போடும் பாய்லர் சூட்டையே சாயத்தில் முக்கிப் போட்டிருந்தார்கள். ஒரு நாடகத்தில் எதிரிகள் பயந்து திரும்பி ஓடும்போது ஒவ்வொருவர் முதுகிலும் 'முதலில் பாதுகாப்பு' என்று எழுத்து தெரிந்தது. ஹாலே எழுந்து நின்று சிரித்தது. அப்பா சிரிக்கவில்லை. எதிரிகள் துப்பாக்கியைப் பிடித்திருந்த விதம் தப்பு என்று மட்டும் அம்மாவிடம் சொன்னார்.

ஆறாவதாக எங்கள் நாடகம். திரை விலகியதும் கூடாரத்துக்குள் ஓடிப்போகப் போகிற சிப்பாய் உட்கார்ந்திருந்தார். எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அது அவர் இல்லை. முன்மண்டை வழுக்கையாக, நல்ல தொப்பையோடு, முப்பத்தெட்டு வயது மதிக்கத்தக்க வேறு யாரோ. எங்கள் ஸ்வெட்டர் அந்தத் தொப்பைக்கு மேல் ஏறி நின்று மூச்சு வாங்கியது.

அப்பா அம்மாவின் பக்கம் சாய்ந்து, "இவனா பையன்?" என்றார்.

"கொஞ்சம் பூசினாப்ல இருக்காரு. பரவால்லங்க" என்றாள் அம்மா.

மேடையில் கேப்டன் நுழைந்தார். ஒட்டுமீசை, கையில் பிரம்பு. அவர்தான். என் ஆள்.

நடந்தது இதுதான், பின்னால் தெரிந்துகொண்டேன். எங்கள் ஊரில் ஷிஃப்டுக்குப் போக முடியாதவர்கள் 'மியூச்சுவல்' போடுவார்கள். என் ஷிஃப்டை நீ பார், உன் ஷிஃப்டை நான் பார்க்கிறேன் என்று இரண்டு பேர் எழுதிக் கொடுத்தால் முடிந்தது. பெண்ணின் அப்பா, அதுவும் மிலிட்டரிக்காரர், முன் வரிசையில் உட்காரப்போகிறார் என்று முந்தின ராத்திரி ஷிஃப்ட் மாறும்போதுதான் மாமா கேன்டீனில் உளறியிருக்கிறார். இவர் மனசுக்குள் கணக்குப் போட்டார். துரோகி வேஷத்தில் மாமனார் முதன்முதலாகத் தன்னைப் பார்த்தால் பெண் கிடைக்குமா? உடனே கேப்டனாக நடிக்க இருந்த ஷிஃப்ட் கூட்டாளியிடம் போய், வேஷத்துக்கு மியூச்சுவல் போட்டுவிட்டார். கூட்டாளி மேல்பட்டாம்பாக்கம் பக்கத்துக் கிறிஸ்தவர். ஊர்க் கோயிலில் ஏசுவின் பாடுகளைக் காட்டும் பாஸ்கா நாடகத்தில் பத்து வருஷமாக யூதாஸாக நடிக்கிறவர். ஒருதரமாவது நல்லவனாக வரலாம் என்றுதான் கேப்டன் வேஷம் கேட்டிருந்தார், ஆனால் காட்டிக்கொடுப்பவன் வேஷம் என்றால் அவருக்கு அல்வா மாதிரி. எல்லோருடைய வசனமும் எல்லோருக்கும் மனப்பாடம் என்பதால் பிரச்சினையும் இல்லை. எல்லை தாண்டி ஓடுகிறவனுடைய கதையை எழுதியவர், மேடைக்கு வருவதற்குள் தானே ஓடிவிட்டார்.

அப்பாவிடம் நான் என்ன சொல்ல முடியும்? மாப்பிள்ளையை நான் பார்த்ததே இல்லை அல்லவா? வீட்டுக் கணக்குப்படி எனக்கு அவருடைய முகமே தெரியாது. அப்பா தப்பான ஆளை உற்று உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார், நான் சரியான ஆளைப் பார்த்துப் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன்.

மேடையில் சிப்பாய் இடது கையைத் தூக்கிச் சல்யூட் அடிக்கப் போய், தப்பென்று உணர்ந்து வலது கைக்கு மாறினார். அந்த ஒரு நொடியில் முழங்கை தெரிந்தது. நீலத் தையல். அம்மாவின் கை மெதுவாக நகர்ந்து வந்து என் தொடையில் கிள்ளியது. அலற முடியாமல் நான் தேசபக்தியோடு நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

பைனாகுலர் பழி வந்தது. கல் பை வந்தது. அப்பா ஆடாமல் அசையாமல் இருந்தார். பிறகு கூடாரத்தில் கடைசிச் சாயங்காலம். சிப்பாய் போர்வைக்குள் பையைக் கட்டி வைத்திருக்கிறார். சிநேகிதன் உள்ளே வருகிறான்; விளக்கு அணைந்து எரிந்த இடைவெளியில் அந்த ஒரே ஸ்வெட்டர் அவன் உடம்புக்கு மாறியிருக்கிறது. போர்வைக்கு வெளியே பையின் வார் தெரிகிறது. அதைப் பார்க்கிறான். ஒன்றும் கேட்கவில்லை. தன் ஸ்வெட்டரைக் கழற்றிச் சிப்பாயின் மடியில் வைத்து, "ஓடைப் பக்கம் குளிரும்" என்று மட்டும் சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிப் படுத்துக்கொள்கிறான். இது நான் சொன்ன கதையில் இல்லை. அப்பா நாற்காலியின் கைப்பிடியைப் பிடித்தது எனக்குத் தெரிந்தது.

மிச்சம் எல்லாம் அந்தப் பக்கத்து வாழ்க்கை. பாய்லர் சூட் அதிகாரிகளும் அவரை நம்பவில்லை. அங்கே பைனாகுலர் திருடினாய், இங்கே எதைத் திருட வந்தாய் என்று கேட்டார்கள். ரேடியோவில் ஆட்டுக்கறி பற்றிப் படிக்க வைத்தார்கள். படித்து முடித்துவிட்டு அவர் வாயைக் கொப்பளித்தபோது ஜனம் விழுந்து விழுந்து சிரித்தது. பிறகு ஒரு சின்ன ஊர் பஸ் ஸ்டாண்டில் டீக்கடை. அந்த ஊர்க்காரர்கள் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை, 'அந்தப் பக்கத்தான்' என்றே கூப்பிட்டார்கள். கல்யாணம் நடக்கும்போது, நேரம் முடியப்போகிறது என்று எச்சரிக்கை மணி அடித்துவிட்டது. பயந்துபோய் வசனத்தில் இரண்டு பக்கத்தைத் தாண்டினார்கள். தாலி கட்டின கையோடு அவருக்குப் பத்து வயதில் மகள் வந்து நின்றாள். ஹாலில் விசில் பறந்தது. அந்தக் கூத்துக்கு நடுவிலும் யூதாஸ்காரர் அசரவில்லை. ஸ்வெட்டரைக் கழற்றி மடித்து மகளிடம் கொடுத்து, இது என்னுடையது இல்லை, யாராவது கேட்டு வந்தால் கொடுத்துவிடு, கேட்டு வர மாட்டார், வந்தால் கொடுத்துவிடு என்று சொல்லி அழுதார். பத்து வருஷம் பழகின அழுகை. விசில் அடித்தவர்கள் அடங்கிவிட்டார்கள். முப்பதாவது நிமிஷ மணி அடித்தது, திரை விழுந்தது.

அப்பா எழுந்தார். மேடைக்குப் பின்னால் நடந்தார். அம்மாவும் நானும் பின்னாலேயே ஓடினோம். அங்கே யூதாஸ்காரர் வியர்வையைத் துடைத்துக்கொண்டிருந்தார். அப்பா அவருடைய இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். நல்லா செஞ்சீங்க, வீட்டுக்கு வாங்க, பேசி முடித்துவிடலாம் என்றார். அந்த மனிதருக்கு ஒன்றும் விளங்கவில்லை. தலையை ஆட்டினார். அதே நேரம் இரண்டு பிள்ளைகள் ஓடிவந்து அவருடைய காலைக் கட்டிக்கொண்டு அப்பா, அப்பா என்றன. பின்னால் அவர் மனைவி, இடுப்பில் மூன்றாவதோடு.

அப்பாவின் முகம் போன போக்கைச் சொல்லி மாளாது. பிடித்த கையை உதறினார். அம்மாவின் பக்கம் திரும்பி, உன் தம்பி மூன்று பிள்ளை பெற்றவனுக்கு என் மகளைக் கட்டிக்கொடுக்கப் பார்த்தானா, இனி அவன் என் வாசல்படி ஏறக் கூடாது என்றார். அந்தக் குரலை ஸ்டோர்ஸ் கேட்டில்தான் கேட்டிருக்கிறேன். அம்மா அழ ஆரம்பித்துவிட்டாள். யூதாஸ்காரரின் மனைவி தன் புருஷனை ஒரு மாதிரியாகப் பார்த்தாள்.

இரண்டு அடி தள்ளி, கேப்டன் உடுப்பில், ஒட்டுமீசை பாதி பிய்ந்து தொங்க, அவர் நின்றுகொண்டிருந்தார். வாயைத் திறக்கவில்லை. திறந்தால் என்னைக் காட்டிக்கொடுத்ததாகிவிடும் என்று பயந்தாராம், அப்புறம் சொன்னார். நானும் திறக்காவிட்டால் எல்லாம் முடிந்துவிடும் என்று எனக்குத் தெரிந்தது. மாமாவின் பேர் போகும், இவர் போவார், பிறகு எவனோ ஒருவனுக்கு நான் காபித் தட்டை நீட்ட வேண்டும். சிரிப்பெல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை. அப்பாவின் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தேன்.

"அப்பா, இவரு இல்ல. அதோ நிக்கிறாரே, அவரு."

அப்பா மெதுவாகத் திரும்பினார். "ஒனக்கு எப்பிடித் தெரியும்?"

தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். பஸ் ஸ்டாப், ஒன்றரை வருஷம், முதல் ஷிஃப்ட் வாரம், ஸ்வெட்டர், கதை. ஒன்றையும் விடவில்லை. ஏழாவது நாடகத்தின் மலைக்கு யாரோ சாக்கை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

"கதைய நீதான் சொன்னியா?"

"ஆமாம்பா."

"அவன் பை கட்டி வெச்சிருந்தத நான் பாத்தேன்னு, நான் ஒங்கிட்ட சொன்னனா?"

"இல்லப்பா. நீங்க சொல்லல. நானும் சொல்லல."

அப்பா கேப்டனின் பக்கம் போனார். அப்பாவைவிட இவர் நல்ல உயரம். ஆனால் அந்த நேரத்தில் பார்க்க அப்படித் தெரியவில்லை.

"தம்பி, அத யாரு சொன்னது ஒங்களுக்கு?"

"யாரும் சொல்லலைங்க." தொங்கிய மீசையைக் கையால் அமுக்கிக்கொண்டார். "காய்ச்சல்காரருக்கு ஒரு நேரம் கொடுத்திருந்தா, படுக்கும்போது திருப்பி வாங்கியிருப்பீங்க. அந்தக் குளிர்ல அது இல்லாம எப்பிடிப் படுக்கிறது? கேக்காம இருந்திருக்கீங்கன்னா, தெரிஞ்சுதான் குடுத்திருப்பீங்கன்னு தோணுச்சுங்க. தப்பா எழுதியிருந்தா மன்னிச்சிடுங்க."

பதினோரு நாள் விசாரணையில் அத்தனை அதிகாரிகளுக்கும் எட்டாத ஒன்றை ஒரு கன்வேயர் ஆபரேட்டர் உட்கார்ந்த இடத்திலிருந்தே எட்டிவிட்டார். எனக்கு அப்பாவைப் பார்க்கப் பயமாகவும் பாவமாகவும் இருந்தது.

"தெரிஞ்சுதான் குடுத்தேன்" என்றார் அப்பா. அம்மாவைப் பார்த்து இன்னொரு தரம் சொன்னார். "தெரிஞ்சேதான் குடுத்தேன். போவ வுடலன்னா அங்கியே செத்துருப்பான்."

இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் அவரோடு குடும்பம் நடத்தியவள் அம்மா. அன்றைக்குத்தான் அவளும் கேட்கிறாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நல்லதுதான் பண்ணியிருக்கீங்க" என்றாள். அவ்வளவுதான். அப்பா தோளைத் தளர்த்தியதை நான் வாழ்க்கையில் முதன்முறையாகப் பார்த்தேன்.

பிறகு கேப்டனிடம் நாளைக்கு என்ன ஷிஃப்ட் என்று கேட்டார். வீக்லி ஆஃப் என்றார் இவர்.

"அப்ப காலைல வூட்டுக்கு வாங்க. மியூச்சுவல் போட்டு வேற ஆள அனுப்பிடாதீங்க."

யூதாஸ்காரர்தான் முதலில் சிரித்தார். அப்புறம் அவர் மனைவி, அப்புறம் அம்மா. எனக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்து விக்கல் எடுத்துவிட்டது. விக்கலோடு கேப்டனைப் பார்த்தேன். மீசை முழுதாக விழுந்திருந்தது. உலகத்தில் அவ்வளவு அழகான ஆளை நான் பார்த்ததில்லை என்று தோன்றியது. இப்போது பார்த்தால் அப்படி ஒன்றும் இல்லை.

ஏழாவது நாடகத்தைப் பார்க்காமல் கிளம்பினோம். எங்கள் பிளாக்குக்கு நடந்தே போகலாம் என்றார் அப்பா. அம்மா முன்னால் வேகமாகப் போய்விட்டாள். ஒன்றரை வருஷத்தைப் பற்றி அப்பா என்னை ஏதாவது கேட்பார் என்று காத்துக்கொண்டே வந்தேன். கேட்கவில்லை. இரண்டு தெரு தாண்டிய பிறகு நின்றார்.

"அவன் அங்க போயி டீக்கடை வெச்சான், கல்யாணம் பண்ணிக்கினான், பொண்ணு பொறந்துச்சுன்னு எழுதியிருக்காரே. அதுவும் அவராவே நெனச்சுக்கினு எழுதினதுதான?"

ஆமாம் என்றேன். அப்பா மறுபடி நடக்க ஆரம்பித்தார்.

"மொத விஷயத்த சரியாத்தான நெனச்சாரு" என்றார். "அப்ப இதுவும் சரியா இருக்கும் இல்லம்மா?"

"இருக்கும்பா" என்றேன்.